ஆர்மோனியத்தோடு வாழ்ந்த பாபுராஜ்

கேரளத்தில் எம்.எஸ். பாபுராஜைத் தெரியாத வீடு கிடையாது. தமிழ் பேசும் நம் வீடுகளிலோ அந்தப் பெயரைச் சொன்னால், யார் என்று கேட்பார்கள். பாடகிகள் எஸ். ஜானகியும் எல்.ஆர். ஈஸ்வரியும் நமக்குச் சொந்தக்காரர்கள் போல. மலையாளத்தில் அவர்களுக்கு மெட்டுப் போட்டுக் கொடுத்த முஸ்லிம் இசையமைப்பாளரை மட்டும் விட்டுவிட்டோம். அதனால்தான் நம் பொன்விழா மலரில் அவரைப் பற்றி எழுதுகிறேன்.

முழுப்பெயர் முகம்மது சபீர் பாபுராஜ். வாப்பா ஜான் முகம்மது கான் வங்காளத்திலிருந்து கோழிக்கோட்டுக்கு வந்த இந்துஸ்தானிப் பாடகர். உம்மா மலையாளி. சிறு வயதிலேயே ஆதரவின்றிப் போன பாபுராஜ், ரயில்களிலும் தெருக்களிலும் பாடிப் பிழைத்தார். அந்தக் குரலைக் கேட்ட குஞ்ஞு முகம்மது என்ற போலீஸ்காரர் அவரைத் தம் வீட்டுக்கு அழைத்துப் போய் வைத்துக்கொண்டார். சம்பளம் குறைந்த ஒரு மனிதர் செய்த காரியம் இது.

கோழிக்கோடு வியாபார ஊர். அங்கே கடைகளின் மாடிகளில் மாலை நேரத்தில் பாட்டுக் கச்சேரி நடக்கும். பகலில் கொப்பரை, மரம் என்று விலை பேசியவர்கள் இரவில் கஸல் கேட்பார்கள். பாபுராஜின் இசை வளர்ந்த இடம் அதுதான். ஆர்மோனியத்தின் முன் உட்கார்ந்தால் நேரம் போவது தெரியாது.

நாடகங்களுக்கு இசையமைத்துவிட்டு, 1957இல் ராமு காரியாட்டின் ‘மின்னாமினுங்ஙு’ படத்தில் திரைக்கு வந்தார். 1960இல் ‘உம்மா’, 1964இல் ‘குட்டிக்குப்பாயம்’. மாப்பிள்ளைப் பாட்டின் துள்ளலை இந்தப் படங்களின் வழியே எல்லா மதத்தாரும் பாடினார்கள். அதே 1964இல் வைக்கம் முகம்மது பஷீர் எழுதிய ‘பார்கவி நிலையம்’ வந்தது. பாடல் வரிகள் பி. பாஸ்கரன். அதில் பீம்பளாசியில் அமைந்த ஒரு பாட்டை, திரைக்கு வந்து சில ஆண்டுகளே ஆகியிருந்த யேசுதாஸ் பாடினார். மலையாளத்தின் மிகச் சிறந்த பாட்டு எது என்று பேச்சு வந்தால் இன்றும் முதலில் அதைச் சொல்பவர்கள் பலர். மலையாளம் தெரியாத எனக்கே, இரவில் கடைக் கணக்குப் பார்க்கும்போது அதைப் போட்டுவிட்டால் கணக்கு ஓடாது.

அவருக்கோ கணக்கே தெரியாது. கையில் வந்ததை நண்பர்களுக்குக் கொடுத்துவிடுவார். எழுபதுகளில் வாய்ப்பு குறைந்தது, வறுமை வந்தது. 1978 அக்டோபர் 7ஆம் தேதி சென்னை அரசுப் பொது மருத்துவமனையில் வஃபாத்தானார். பாட்டுகள் ஊரெல்லாம் ஒலித்துக்கொண்டிருந்தன; வீட்டுக்கு வந்தது ஒன்றுமில்லை. வியாபாரியாக எனக்கு இதுதான் மனதை உறுத்துகிறது. சரக்கு விற்றுக்கொண்டே இருக்கிறது, செய்தவன் குடும்பத்துக்குப் பங்கில்லை.

2023இல் ‘பார்கவி நிலையம்’ கதை ‘நீலவெளிச்சம்’ என்று மீண்டும் படமானது. பழைய மெட்டுகளையே புதிதாகப் பதிவு செய்தார்கள். பாபுராஜின் குடும்பத்தார் வக்கீல் நோட்டீஸ் அனுப்பினார்கள். உரிமை வைத்திருப்பவர்களிடம் முறைப்படி வாங்கியதாகப் படக்குழுவினர் பதில் சொன்னார்கள். அவர் மறைந்து அப்போது ஏறக்குறைய 45 ஆண்டுகள் ஆகியிருந்தன.

விக்டோரியா ஸ்திரீட் மலபார் பள்ளிவாசலுக்குத் தொழப் போகும் நம் உறுப்பினர்கள், அங்குள்ள வயதான மலையாளி ஒருவரிடம் பாபுராஜ் பெயரைச் சொல்லிப் பாருங்கள். டீ வாங்கிக் கொடுத்து, உட்காரவைத்துப் பேசுவார்.