சிலுக்கு ஸ்மிதா

பூனாகலையில் சிலப்பதிகாரம் கற்பிக்கையில், மாதவியை இகழலாகாது என மாணவர்க்கு உரைக்கும் யான், சிலுக்கு ஸ்மிதாவின் பெயரைச் சொல்லவும் கூசியதுண்டு.

ஆந்திரத்து ஏலூரை அடுத்த சிற்றூரில் 1960இல் பிறந்த விஜயலட்சுமி, நான்காம் வகுப்போடு பள்ளியை விட்டவர். 1980இல் வெளிவந்த ‘வண்டிச்சக்கரம்’ படத்தில் அவர் ஏற்ற சாராயக்கடைப் பெண்ணின் பெயரே அவர் பெயராயிற்று. 1981இல் ‘அலைகள் ஓய்வதில்லை’ படத்தில் அடக்கமான அண்ணியாகவும் நடித்தார்; படமுதலாளிகளோ கவர்ச்சி நடனத்தையே வேண்டினர்.

காதல் கதாநாயகிக்கு, காமம் ஆட்டக்காரிக்கு எனப் பங்கிட்டிருந்தது அந்நாளைய திரையுலகம். பின்னர்க் கதாநாயகியரே அவ்வாட்டங்களை ஏற்கவும், ஸ்மிதாவின் வாய்ப்புகள் அருகின. ஆட்டத்தின் பழி நீங்கிற்று. ஆடியவர் பழி நீங்கவில்லை. 1996 செப்டெம்பர் 23இல் சென்னையில் மறைந்தார், அகவை 35.

கண்டு களித்த கண்களே அவரை இகழ்ந்தன. அவற்றுள் என் கண்களும் உண்டு.