யார் இந்த கிளாரிந்தா? பாளையங்கோட்டை சர்ச்சுக்கு 'பாப்பாத்தியம்மாள்' பெயர் வந்தது எப்படி?

பாளையங்கோட்டையில் 1785-ல் கட்டப்பட்ட ஒரு பழைய சர்ச் இருக்கு. ஊர்க்காரர்கள் அதை 'பாப்பாத்தியம்மாள் கோயில்'னு சொல்வாங்க. சர்ச்சுக்கு எப்படி இப்படியொரு பெயர்? பதில், பிறந்த ஊரில் இடமில்லாமல் போன ஓர் இளம்பெண்ணின் வாழ்க்கையில் இருக்கிறது.

தஞ்சாவூரில் என்ன நடந்தது?

கோகிலா என்று சொல்லப்படும் அவர், தஞ்சை மராத்தியப் பிராமணக் குடும்பத்தைச் சேர்ந்தவர். சின்ன வயதிலேயே விதவையானார். உடன்கட்டை ஏற இருந்தவரை ஹென்றி லிட்டில்டன் என்ற ஆங்கிலேய ராணுவ அதிகாரி காப்பாற்றினார் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் கதை. சென்னை மாகாணத்தில் சதிக்குத் தடைச் சட்டம் வந்ததே 1830-ல்தான். உயிர் தப்பினாலும், ஒரு வெள்ளைக்காரரோடு போன பெண்ணுக்குச் சொந்த சாதியில் இனி இடமில்லை.

லிட்டில்டனோடு வாழ்ந்தபோது ஆங்கிலமும் கிறிஸ்தவமும் கற்றார். ஜெர்மன் மிஷனரி சுவார்ட்ஸிடம் ஞானஸ்நானம் கேட்டார். முறைப்படி கல்யாணம் ஆகாமல் சேர்ந்து வாழ்கிறார் என்று சொல்லி சுவார்ட்ஸ் மறுத்துவிட்டார். ஆக, விட்டு வந்த இடமும் இல்லை, சேர நினைத்த இடமும் இல்லை.

நெல்லைச் சீமையில்...

லிட்டில்டனுக்குப் பாளையங்கோட்டைக்கு மாற்றல் வந்தது. தஞ்சையிலிருந்து 300 கிலோமீட்டருக்கும் மேல். மராத்திய மன்னரின் நாட்டை விட்டு, ஆற்காடு நவாப்பின் ஆளுகையில் இருந்த சீமைக்கு வந்தார். அங்கே லிட்டில்டனும் இறந்துபோனார். சொந்தபந்தம் யாரும் இல்லாத ஊரில், மறுபடியும் தனி ஆள்.

ஆனா அவர் கிளம்பிப் போகலை. 1778-ல் பாளையங்கோட்டைக்கு வந்த சுவார்ட்ஸ், இந்த முறை ஞானஸ்நானம் கொடுத்தார். கோகிலா, கிளாரிந்தா ஆனார்.

முதல் பெயர்

1780-ல் பாளையங்கோட்டை சபையின் பதிவேடு தொடங்கியது. பல சாதிகளைச் சேர்ந்த சுமார் 40 பேரின் பெயர்கள் அதில் இருந்தன. முதல் பெயர் கிளாரிந்தா!

அதோடு நிற்கவில்லை. தன் கைப்பணத்தைப் போட்டு, ஆங்கிலேய அதிகாரிகளின் உதவியும் வாங்கி, சர்ச்சைக் கட்டி முடித்தார். 1785-ல் அதைப் பிரதிஷ்டை செய்ததும், முன்பு மறுத்த அதே சுவார்ட்ஸ்தான். நெல்லையில் சீர்திருத்தத் திருச்சபையின் தொடக்கம் இந்தச் சபைதான். பின்னாளில், அன்றைய நெல்லை மாவட்டம் பெருங்குளத்தைச் சேர்ந்த அ. மாதவையா இவரை வைத்து 1915-ல் ஆங்கிலத்தில் ஒரு நாவலே எழுதினார்.

இதில் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று இருக்கு. பதிவேட்டில் அவர் கிளாரிந்தா. ஊர் வாயில் மட்டும் பாப்பாத்தியம்மாள். எந்தச் சாதி அவரை வேண்டாம் என்றதோ, அதன் பெயரிலேயே நெல்லை இன்னைக்கும் அவரைக் கூப்பிடுது.