முப்பது ஆண்டுகள் உறங்கிய விதி

சுப்பிரமணியன் சந்திரசேகர் என்றவுடன் 1.4 என்னும் எண்ணே நினைவுக்கு வரும். சூரியனின் பொருண்மையைப்போல் ஏறத்தாழ 1.4 மடங்குக்கு மேற்பட்ட விண்மீன் வெண்குள்ளனாக அடங்கி ஓய்வுபெற இயலாது என்பது அவர் கண்ட எல்லை. அதனையொட்டி எழுந்த பூசல் பலராலும் பலமுறை எழுதப்பட்டுவிட்டது. எதிர்ப்பார் எவருமின்றி, நினைப்பார் எவருமின்றியே ஏட்டில் கிடந்த மற்றொரு முடிவும் அவருக்கு உண்டு. அவர் வாழ்வை அறிய விழைவோர் அதனையும் அறிதல் வேண்டும்.

1910 அக்டோபர் 19 அன்று இலாகூரில் பிறந்தவர் சந்திரசேகர். தந்தை சி. சுப்பிரமணிய ஐயர் இரயில்வே கணக்குத் துறையில் உயர் அலுவலர். தாய் சீதாலட்சுமி இப்சனின் ‘பொம்மை வீடு’ நாடகத்தைத் தமிழில் பெயர்த்தவர். பத்துப் பிள்ளைகளைப் பெற்ற இல்லத்தில் அம்மொழிபெயர்ப்பு எப்பொழுது எழுதப்பட்டிருக்கும் என எண்ணுகையில் வியப்பே மிஞ்சுகிறது. திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியிலும் சென்னை மாநிலக் கல்லூரியிலும் பயின்ற மகன் 1930 ஜூலையில் கேம்பிரிட்ஜுக்குப் புறப்பட்டபோது தாய் நோய்ப்படுக்கையில் இருந்தார். தயங்கிய மகனைப் போகச் சொன்னவர் அவரே. அடுத்த ஆண்டு மே மாதம் அவர் மறைந்தார். மகன் கடலுக்கு அப்பால் இருந்தார்.

வெண்குள்ளன் எல்லைக்கு வித்திட்ட கணக்கு அந்தக் கப்பற்பயணத்தில் பிறந்தது. 1935 ஜனவரியில் இலண்டன் வானியற் கழகக் கூட்டத்தில் எடிங்டன் அதனை எள்ளி ஒதுக்கினார். சந்திரசேகர் வாதாடி ஓயவில்லை. வெகுண்டு நின்றுவிடவும் இல்லை. 1936இல் லலிதாவை மணந்தார். 1937இல் அமெரிக்காவின் யெர்க்ஸ் வான்காட்சியகத்திற்குக் குடிபெயர்ந்தார். 1939இல் விண்மீன்களின் அமைப்புப் பற்றிப் பெருநூல் ஒன்றை எழுதி முடித்து, அத்துறையை விட்டே நகர்ந்தார். அதன்பின் அதுவே அவர் வாழ்முறையாயிற்று. ஒரு துறையைப் பல்லாண்டு உழுது, நூலாக்கிக் கட்டிவைத்து, அடுத்த நிலத்திற்குப் பெயர்ந்துவிடுவார். இவ்வழக்கம் அவருக்குத் தந்தது மிகுதி. எடுத்துக்கொண்டதும் சிறிதன்று.

1950களில் அவர் உழுத நிலம் பாய்மங்களின் நிலைப்பாடு. ஒன்றனுள் ஒன்றாக இரண்டு உருளைகள், இடையே நீர்மம், உருளைகள் வெவ்வேறு வேகத்தில் சுழல்கின்றன. அவ்வோட்டம் ஒழுங்காக நிற்குமா, குலையுமா? ராலே பிரபு முன்னரே ஒரு விதி வகுத்திருந்தார். மையத்திலிருந்து விலக விலகக் கோண உந்தம் பெருகுமாயின் ஓட்டம் குலையாது என்பது அவ்விதி. மின்கடத்தும் நீர்மத்தை எடுத்துக்கொண்டு, அச்சுக்கு இணையாகக் காந்தப்புலத்தையும் சேர்த்துக் கணக்கிட்டார் சந்திரசேகர். 1960இல் வெளிவந்த முடிவு ராலேயின் விதியையே புரட்டியது. கோண உந்தம் எவ்வாறிருப்பினும், சுழலும் வேகம் வெளிநோக்கிக் குறையுமாயின் ஓட்டம் குலையக்கூடும். புலம் மிக மெலிதாக இருந்தாலே போதும். புலம் சுழியை நெருங்கினாலும் பழைய விதி திரும்புவதில்லை. ஓராண்டு முன்னதாக உருசிய அறிஞர் வெலிகோவும் இதே முடிவைத் தனியே கண்டிருந்தார்.

1961இல் ஆக்ஸ்போர்டு வெளியிட்ட 600 பக்கங்களுக்கும் மேற்பட்ட நூலில் அது ஓர் அதிகாரத்தின் பகுதியாயிற்று. சந்திரசேகர் அடுத்த துறைக்குச் சென்றுவிட்டார்.

அந்த முடிவு எதற்குப் பயன்படும் என்பது அன்று எவருக்கும் தோன்றாததில் குற்றமில்லை. குவாசர்கள் இன்னவை என உணரப்பட்டதே 1963இல்தான். கருந்துளையைச் சுற்றி வாயு தட்டாகச் சுழன்று விழுகிறது என்னும் கருத்து அதன் பின்னரே வலுப்பெற்றது. உடன் ஒரு புதிரும் எழுந்தது. உள்ளே விழவேண்டுமாயின் வாயு தன் கோண உந்தத்தை வெளியே கைமாற்றியாக வேண்டும். வாயுவின் இயல்பான பாகுத்தன்மை அதற்குச் சற்றும் போதாது. கொந்தளிப்பு வேண்டும், ஆனால் தட்டில் கோண உந்தம் வெளிநோக்கிப் பெருகுவதால் கொந்தளிப்பு எழாது என்கிறது ராலேயின் விதி. 1973இல் சகுராவும் சன்யாயெவும் அறியாத அக்கொந்தளிப்புக்கு ஆல்பா என்று பெயரிட்டு மேலே சென்றனர். அந்தக் கிரேக்க எழுத்தின் மறைவில் வானியல் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் காலம் தள்ளியது.

1991இல் வர்ஜீனியாப் பல்கலைக்கழகத்தின் பால்பசும் ஹாலியும் விடையைக் கண்டனர். தட்டில் அடுத்தடுத்துச் சுழலும் இரு வாயுத்துளிகளைக் காந்தக்கோடு ஒன்று மெல்லிய சுருள்வில்லைப்போல் பிணைத்திருக்கிறது. உட்துளி விரைந்து முந்துகிறது. வில் நீண்டு அதனைப் பின்னிழுக்கிறது. பின்னிழுக்கப்பட்ட துளி கோண உந்தம் இழந்து மேலும் உள்ளே சரிகிறது. சரிந்ததனாலேயே இன்னும் விரைகிறது. வெளித்துளியோ இழுப்பினால் உந்தம் பெற்று விலகுகிறது. வில் மேலும் நீள்கிறது. பிடித்து நிறுத்தவேண்டிய பிணைப்பே பிரிவைப் பெருக்குகிறது. விசை முற்றித் தட்டு முழுதும் கொந்தளிக்கிறது. வில் மிக விறைப்பானதாயின் இது நிகழாது. மெலிந்த புலமே இதனை நிகழ்த்தும். வெலிகோவும் சந்திரசேகரும் முப்பது ஆண்டுகளுக்கு முன் எழுதிவைத்ததும் இந்த நிலைகுலைவுதான்.

அக்கட்டுரை வெளிவந்த ‘ஆஸ்ட்ரோபிசிக்கல் ஜர்னல்’ 1952 முதல் 1971 வரை சந்திரசேகர் தம் உழைப்பைக் கொட்டி ஆசிரியராக நடத்திய இதழ். இதனினும் வியப்பான ஒன்று உண்டு. 1974 முதல் அவர் கருந்துளைகளையே ஆராய்ந்தார். 1983இல் அவற்றின் கணிதம் பற்றிய பெருநூல் வந்தது. அவ்வாண்டே நோபல் பரிசும் வந்தது. அந்நூலின் கருந்துளைகள் எதுவும் சூழாத தூயவை. அவற்றில் வாயுவை விழச்செய்யும் விதி, அவருடைய முந்தைய நூலொன்றில் உறங்கிக் கிடந்தது. எடிங்டனின் எள்ளல் வடு தந்தது உண்மை; எனினும் எதிர்ப்பு ஒரு கருத்தை மறக்க விடுவதில்லை. இவ்விதிக்கோ அந்தப் பேறும் வாய்க்கவில்லை.

1995 ஆகஸ்ட் 21 அன்று சிகாகோவில் அவர் காலமானார். பால்பசும் ஹாலியும் 2013இல் ஷா பரிசு பெற்றனர். 2022இல் பிரின்ஸ்டன் ஆய்வகத்தில், அறைவெப்பத்திலேயே நீர்மமாக இருக்கும் காலியக் கலவையை இரு உருளைகளுக்கிடையே சுழலவிட்டுக் காந்தப்புலம் செலுத்தியவர்கள், அந்நிலைகுலைவின் அடையாளத்தைக் கண்டதாக அறிவித்தனர். ஒன்றனுள் ஒன்றாக இரண்டு உருளைகள். 1960இல் அவர் தாளில் வரைந்தவையும் அவைதாம்.