வள்ளல் பச்சையப்பர் விட்டுச்சென்ற சொத்து

மனிதன் பிறக்கும்போது எதையும் கொண்டு வருவதில்லை. இறக்கும்போதும் எதையும் எடுத்துச் செல்வதில்லை. ஆயினும், இடையில் சேர்த்த பொருளை யாரிடம் விட்டுச் செல்வது என்ற கேள்வி அவனை விடுவதில்லை. அதற்கு எழுத்தில் தரும் விடையே உயில். ஆங்கிலேயர் நாவிலிருந்து தமிழுக்கு வந்த சொல் இது. சொல்லைப் போலவே அவ்வழக்கமும் அக்காலத்தில் நம்மவர்க்குப் புதிது. கூட்டுக் குடும்பச் சொத்து பிறப்புரிமையாக ஆண்மக்களுக்குச் சென்றமையால் எழுதி வைக்கும் தேவை எழவில்லை.

அத்தகைய காலத்தில் உயில் எழுதிப் புகழ் பெற்றவர் பச்சையப்ப முதலியார். 1754ஆம் ஆண்டு காஞ்சிபுரத்து எளிய குடும்பமொன்றில் அவர் பிறந்தார். பிறக்கும் முன்பே தந்தையை இழந்த அவரை, தாய் பூச்சியம்மாள் பல துன்பங்களுக்கிடையே வளர்த்தார். சென்னையில் பௌனி நாராயண பிள்ளையின் ஆதரவால் ஆங்கிலமும் வணிகமும் கற்று, துபாஷியாகப் பணிபுரிந்து இளமையிலேயே பெருஞ்செல்வம் ஈட்டினார். ஆனால் வறுமையை அவர் மறக்கவில்லை. ஈட்டியதை ஆலயத் திருப்பணிக்கும் அன்னதானத்திற்கும் வாரி வழங்கினார்.

நாற்பது வயதில் நோய் வந்தது. 1794 மார்ச் 22ஆம் நாள் அவர் உயில் எழுதினார்.  ஏறத்தாழ ஒரு லட்சம் வராகனை அறப்பணிகளுக்கென ஒதுக்கினார். ஒன்பதே நாட்களில், மார்ச் 31ஆம் நாள், திருவையாற்றில் காலமானார்.

எழுதியவர் கண் மூடினார். எழுத்தும் உறங்கத் தொடங்கியது! பணம் உரிய வழியில் செல்லவில்லை. உறவினர்களிடையே வழக்குகள் எழுந்தன. ஆண்டுகள் உருண்டன. இறுதியில் சென்னை உச்ச நீதிமன்றம் தலையிட்டது. அரசின் தலைமை வழக்கறிஞராயிருந்த ஜார்ஜ் நார்ட்டன் இதில் பெரிதும் முயன்றார். உயிலில் குறித்த அறங்களுக்குப் போக, வட்டியால் பெருகி நின்ற தொகையைக் கல்விக்குச் செலவிட வழி பிறந்தது. 1842ஆம் ஆண்டு சென்னையில் பச்சையப்பன் பள்ளி திறக்கப்பட்டது. வள்ளல் மறைந்து நாற்பத்தெட்டு ஆண்டுகள் கடந்திருந்தன!

அப்பள்ளி 1889இல் கல்லூரியாக உயர்ந்தது. கணித மேதை இராமானுஜன் அங்குப் பயின்றார். அறிஞர் அண்ணாவும் பயின்றார். பெண்களுக்கெனக் கிண்டியில் அமைந்த செல்லம்மாள் மகளிர் கல்லூரியும் அந்த அறக்கட்டளையைச் சேர்ந்ததே. தந்தையின் முகம் காணாத ஒரு பிள்ளையின் பொருள், எத்தனையோ பிள்ளைகளுக்குத் தந்தையாய் நின்றது!

இவ்வாழ்விலிருந்து நாம் அறிவது யாது? உயில் எழுதுவது ஒரு நாள் வேலை. அதைக் காப்பது பல தலைமுறைகளின் கடமை. பச்சையப்பரின் பொருளை நீதிமன்றம் மீட்டுத் தந்தது. நம் பெற்றோரும் ஆசிரியரும் நமக்கு விட்டுச்செல்லும் நற்பண்பும் கல்வியும் எந்தப் பத்திரத்திலும் எழுதப்படுவதில்லை. அவற்றை நாம் பாழாக்கினால் மீட்டுத்தர எந்த நீதிமன்றமும் இல்லை. ஆகவே தோழியரே, பெற்றதைப் போற்றுவோம், பெருக்குவோம், நமக்குப் பின் வரும் தங்கையருக்குக் குறைவின்றிக் கொடுத்துச் செல்வோம்.