ஆஸ்பத்திரிப் பெயருக்குப் பின்னால் இருந்த சர் ஜார்ஜ் ஸ்டான்லி

சென்னைக்கு வைத்தியத்துக்குப் போய் வந்த நம் குடும்பங்களில் ஸ்டான்லி ஆஸ்பத்திரியை அறியாதவர்கள் குறைவு. மேட்டூர் அணையின் நீர்த்தேக்கத்துக்கும் ஸ்டான்லி என்றுதான் பெயர். யார் அவர் என்று கேட்டால் பெரும்பாலும் பதில் வருவதில்லை. அவர் வாழ்க்கையில் முஸ்லிம்களாகிய நாம் அறிந்திருக்க வேண்டிய ஒரு கோடைக்காலமும் உண்டு.

ஜார்ஜ் பிரடெரிக் ஸ்டான்லி 1872இல் இங்கிலாந்தின் டெர்பி பிரபு குடும்பத்தில் பிறந்தார். தந்தை கனடாவின் கவர்னர் ஜெனரலாக இருந்தவர். மகன் குதிரைப் பீரங்கிப் படையில் அதிகாரியாகச் சேர்ந்து தென்னாப்பிரிக்கப் போயர் யுத்தத்திலும், பிறகு முதல் உலக யுத்தத்திலும் பணியாற்றினார். இதற்கிடையே அரசியலிலும் இறங்கி, 1910 முதல் 1922 வரை கன்சர்வேட்டிவ் கட்சியின் சார்பில் பிரஸ்டன் தொகுதி எம்.பி.யாக இருந்தார். யுத்த இலாகா, உள்துறை, பென்ஷன் இலாகா என்று இளநிலை அமைச்சர் பதவிகளையும் வகித்தார். பிரஸ்டன் பருத்தி ஆலைகள் நிறைந்த ஊர். அந்நியத் துணியை நம் மக்கள் தீயிலிட்ட காலத்தில், அந்தத் துணியை நெய்த சீமையின் பிரதிநிதியாக இருந்தவரே நமக்குக் கவர்னராக வந்தார்.

1929 நவம்பரில் சென்னை மாகாணப் பொறுப்பை ஏற்றார். ஆறு மாதம் கூட ஆகவில்லை. 1930 ஏப்ரலில் ராஜாஜி திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு உப்பு யாத்திரை புறப்பட்டார். யாத்திரிகர்களுக்குச் சோறோ தங்க இடமோ கொடுப்பவர்களுக்குத் தண்டனை என்று தஞ்சாவூர் கலெக்டர் தார்ன் எச்சரித்தார். மக்கள் சோற்றுப் பொட்டலங்களை மரக்கிளைகளில் கட்டி வைத்து விட்டு ஒதுங்கிக் கொண்டார்கள். தடியடியும் சிறையும் தொடர்ந்தன. கவர்னர் தம் கையால் அடிக்கவில்லைதான். ஆனால் அந்த ஆட்சிக்குத் தலைவர் அவர். அந்தக் கணக்கிலிருந்து அவரை விடுவிக்க நம்மால் இயலாது.

மேட்டூர் வேலை அவர் வருவதற்கு முன்பே, 1925இல் தொடங்கி விட்டது. அதற்கு அடிப்படை 1924இல் மைசூருடன் செய்துகொண்ட ஒப்பந்தம். திட்டம் போட்டவர்கள் பொறியாளர்கள்; கல் சுமந்தவர்கள் பல ஆயிரம் கூலித் தொழிலாளர்கள். முடிகிற நேரத்தில் பதவியில் இருந்தவரின் பெயர் நிலைத்து விட்டது. 120 அடி வரை, சுமார் 93 டி.எம்.சி. தண்ணீர் நிற்கும் தேக்கம் அது. டெல்டாவின் குறுவைக்கும் சம்பாவுக்கும் அதுவே ஆதாரமாயிற்று. தாமிரபரணி கடலில் சேரும் புன்னக்காயல் பக்கத்தில், ஸ்ரீவைகுண்டம் அணைக்கட்டைத் தாண்டித் தண்ணீர் வருமா என்று பார்த்திருக்கும் நமக்கு இதன் அருமையைச் சொல்ல வேண்டியதில்லை. தேக்கத்துக்காக ஊர்களை விட்டுப் போனவர்களையும் மறக்கக் கூடாது. நீர்மட்டம் இறங்கும்போது பழைய நந்தியும் மாதா கோயில் கோபுரமும் இன்றும் தலைகாட்டுகின்றன.

இனி அந்தக் கோடைக்கு வருவோம். 1934 மே மாதம் வைஸ்ராய் வில்லிங்டன் பிரபு விடுப்பில் போனார். அவர் இடத்தில் தற்காலிக வைஸ்ராயாக ஸ்டான்லி அழைக்கப்பட்டார். காலியான சென்னை கவர்னர் நாற்காலியில் மே 16 முதல் ஆகஸ்ட் 16 வரை அமர்ந்தவர், தஞ்சாவூரில் பிறந்த சர் முஹம்மது உஸ்மான் சாஹிப். சென்னை மாகாணத்தில் அந்த நாற்காலியில் உட்கார்ந்த முதல் இந்தியர் அவரே. சென்னை நகராட்சித் தலைவராக இருந்தவர். யூனானி, சித்த, ஆயுர்வேத முறைகளை ஆராய்ந்த அரசுக் குழுவுக்குத் தலைமை தாங்கியவர். இதில் நாம் பெருமைப்படலாம். ஆனால் 1925 முதல் அந்த அரசின் நிர்வாக சபையில் இருந்தவர் அவர் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். உப்பு யாத்திரை நாட்களில் அவரும் அரசின் பக்கம்தான் இருந்தார். நம்மவர் என்பதற்காக ஒரு அளவு, அந்நியர் என்பதற்காக இன்னொரு அளவு வைத்துக் கொள்வது நீதியாகாது.

ஆகஸ்ட் நடுவில் ஸ்டான்லி திரும்பினார். 21ஆம் தேதி மேட்டூர் அணையைத் திறந்து வைத்தார். அதே ஆண்டு மார்ச்சில் ராயபுரம் மருத்துவப் பள்ளிக்கு அவர் பெயர் சூட்டப்பட்டிருந்தது. பஞ்ச காலத்தில் கஞ்சி ஊற்றிய சத்திரத்திலிருந்து வளர்ந்ததால் வட சென்னையின் முதியவர்கள் அதைக் கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி என்பார்கள். நமக்கென்னவோ அந்தப் பெயர்தான் பொருத்தமாகத் தோன்றுகிறது!

நவம்பரில் பதவிக்காலம் முடிந்து ஊர் திரும்பிய ஸ்டான்லி, 1938 ஜூலை 1 அன்று இறந்தார். மருத்துவப் பள்ளி கல்லூரியாக உயர்ந்ததும் அதே ஆண்டில்தான். உஸ்மான் சாஹிப் பின்னர் சென்னைப் பல்கலைக்கழகத் துணைவேந்தராகவும், வைஸ்ராயின் நிர்வாக சபை உறுப்பினராகவும் இருந்தார். பெருநாள் துணி எடுக்கத் தி.நகருக்குப் போகும்போது நாம் நெரிசலில் நடக்கும் உஸ்மான் சாலை, அவர் பெயரில் உள்ளதுதான்.