35 வயதில் மறைந்த முதல் ‘உத்தமபுத்திரன்’ பி.யு.சின்னப்பா

பேராக் தோட்டங்களில் திரைகட்டிப் படம் பார்த்து வளர்ந்தவர்களுக்கு ‘உத்தமபுத்திரன்’ என்றாலே சிவாஜிதான் நினைவுக்கு வருவார். அதற்கு 18 ஆண்டுகளுக்கு முன்பே, 1940-இல், அதே பெயரில் வந்த படத்தில் நடித்தவர் பி.யு.சின்னப்பா. தமிழ்த் திரையின் முதல் இரட்டை வேடம் அதுதான்.

1916-இல் புதுக்கோட்டையில் பிறந்த அவர், சிறுவயதிலேயே நாடக மேடை ஏறினார். மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் எம்.ஜி.ஆரும் உடன் இருந்தார். குரல் உடைந்தபோது சோர்ந்துவிடாமல் சிலம்பம் கற்றார். பின்னாளில் சண்டைக் காட்சிகளில் அது கைகொடுத்தது.

சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் எடுத்த ‘உத்தமபுத்திரன்’ அவரைத் தியாகராஜ பாகவதருக்கு இணையாக உயர்த்தியது. 1942-இல் ‘கண்ணகி’யில் கோவலனாகவும், 1949-இல் ‘மங்கையர்க்கரசி’யில் மூன்று வேடங்களிலும் நடித்தார்.

1951 செப்டம்பர் 23-ஆம் நாள் காலமானார். ‘சுதர்ஸன்’ படம் திரைக்கு வந்தபோது அதைப் பார்க்க அவர் இல்லை.