குப்பைத் தொட்டியில் கிடந்த "இரவு ரெயில்"!

1928-ம் ஆண்டு. அமெரிக்காவில் டெக்சாஸ் மாகாணத்தின் தலைநகரமான ஆஸ்டின்.

கணவனை இழந்த கறுப்பு இனப் பெண் ஒருவர் தெருவோடு போய்க் கொண்டிருந்தார். குப்பைத் தொட்டிக்குள் இருந்து ஏதோ முனகல் சத்தம் கேட்டது. பூனைக்குட்டி மாட்டிக்கொண்டு கத்துகிறது என்று எண்ணி எட்டிப் பார்த்தார்.

பூனை அல்ல. பழைய செய்தித்தாள்களில் சுற்றப்பட்ட ஆண் குழந்தை! பிறந்து மூன்றே மாதம் ஆகியிருந்தது.

அந்த அம்மாள் வீட்டிலேயே துணி வெளுத்துக் கொடுத்துப் பிழைத்தவர். ஏற்கெனவே குழந்தைகள் உள்ளவர். இன்னொரு வயிற்றுக்கு வழி எது என்று அவர் கணக்குப் பார்க்கவில்லை. குழந்தையை வாரி எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார். தம் பிள்ளைகளோடு பிள்ளையாக வளர்த்தார். லேன் என்ற தம் குடும்பப் பெயரையே அதற்கும் கொடுத்தார்.

அந்தக் குழந்தைதான் ரிச்சர்டு லேன். பிற்காலத்தில் "நைட் டிரெயின்" லேன், அதாவது "இரவு ரெயில்" லேன், என்று அமெரிக்கா முழுவதும் பெயர் பெற்ற கால்பந்து வீரர். 1952-ம் ஆண்டு அவர் செய்த ஒரு சாதனையை, எழுபது ஆண்டுகளுக்கு மேல் ஆன பிறகும், எவராலும் முறியடிக்க முடியவில்லை.

பூட்சுக்குப் பாலிஷ்

சிறுவன் ரிச்சர்டு சும்மா இருந்து சாப்பிடவில்லை. கடைவீதியில் பெரிய மனிதர்களின் பூட்சுகளுக்குப் பாலிஷ் போட்டான். ஓட்டல்களில் எச்சில் தட்டு எடுத்தான். கிடைத்த காசை வளர்த்த தாயிடம் கொடுத்தான்.

அந்தக் காலத்தில் டெக்சாசில் வெள்ளையர் பிள்ளைகளுக்கு ஒரு பள்ளிக்கூடம், கறுப்பர் பிள்ளைகளுக்கு வேறு பள்ளிக்கூடம். கறுப்பர்களுக்கான ஆண்டர்சன் உயர்நிலைப் பள்ளியில் ரிச்சர்டு சேர்ந்தான். அங்கேதான் கால்பந்து ஆடக் கற்றுக்கொண்டான்.

பெற்றவளும் வந்தாள்

பள்ளிப் படிப்பு முடிந்ததும் ரிச்சர்டு நெபிராஸ்கா மாகாணத்தில் உள்ள ஸ்காட்ஸ்பிளப் என்ற ஊருக்குப் போனார். அங்கே ஒரு மதுக்கடை. அதை நடத்தி வந்தவள், அவரைப் பெற்ற தாய்! எவள் தன்னைக் குழந்தையாக இருக்கும்போது விட்டுப் போனாளோ, அவளுடைய வீட்டிலேயே போய்த் தங்கினார்.

அவ்வூர் ஜூனியர் கல்லூரியில் 1947-ல் சேர்ந்து ஓர் ஆண்டு கால்பந்து ஆடினார். அவருடைய கல்லூரிப் படிப்பு அதோடு சரி. 1948-ல் ராணுவத்தில் சேர்ந்தார். கலிபோர்னியாவில் உள்ள போர்ட் ஆர்டு முகாமில் நான்கு ஆண்டு வேலை. அங்கும் முகாம் கோஷ்டியில் கால்பந்து ஆடினார். தம்மைப் பற்றிப் பத்திரிகைகளில் வந்த துண்டுச் செய்திகளை எல்லாம் கத்தரித்து ஒரு நோட்டில் ஒட்டி வைத்துக்கொண்டார்.

எண்ணெய் சொட்டும் தகடுகள்

1952-ல் ராணுவத்தை விட்டு வெளியே வந்தார். லாஸ் ஏஞ்சலீஸ் நகரில், ஆகாய விமானத் தொழிற்சாலை ஒன்றில் வேலை கிடைத்தது. காகிதங்களை அடுக்கி வைக்கும் குமாஸ்தா வேலை என்று நம்பிப் போனார். போன பிறகுதான் தெரிந்தது, அடுக்க வேண்டியது காகிதங்களை அல்ல, பெரிய பெரிய உலோகத் தகடுகளை! தூக்கும்போது எண்ணெய் சொட்டும். தலையிலும் உடம்பிலும் வழியும். நாள் முழுவதும் அதே வேலை.

தினமும் வேலைக்குப் போகும் பஸ், ஒரு கட்டிடத்தைத் தாண்டிப் போகும். அது லாஸ் ஏஞ்சலீஸ் ராம்ஸ் என்ற கால்பந்துக் கோஷ்டியின் அலுவலகம். முந்தைய ஆண்டு அமெரிக்கச் சாம்பியன் பட்டம் பெற்ற கோஷ்டி அது.

ஒருநாள் பஸ்சை விட்டு இறங்கினார். நோட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு உள்ளே நுழைந்தார். தமக்கு ஓர் ஆட்ட வாய்ப்பு வேண்டும் என்று கேட்டார்.

அது சாதாரணத் துணிச்சல் அல்ல. 1934 முதல் 1945 வரை அமெரிக்காவின் தேசியக் கால்பந்து லீக்கில் ஒரு கறுப்பர் கூட இடம் பெறவில்லை. 1946-ல் ராம்ஸ் கோஷ்டிதான் அந்தக் கதவைத் திறந்தது. திறந்து ஆறு ஆண்டுதான் ஆகியிருந்தது. பெரிய பல்கலைக்கழகங்களில் ஆடிப் புகழ் பெற்றவர்களைத் தேடிப் பிடித்து எடுக்கும் கோஷ்டிக்கு, ஓராண்டு ஜூனியர் கல்லூரியில் ஆடிய தொழிலாளி எதற்கு?

ஆனால் பயிற்சியாளர் ஜோ ஸ்டைடாஹர் நோட்டைப் புரட்டினார். எதிரே நின்ற ஆளைப் பார்த்தார். ஆறடிக்கு மேல் உயரம், நீண்ட கைகள், மானைப் போன்ற கால்கள். சோதனைக்கு வரச் சொன்னார்.

இது வேறு கால்பந்து!

அமெரிக்கக் கால்பந்து, நாம் பார்க்கும் கால்பந்து அல்ல. பந்து முட்டை வடிவில் இருக்கும். அதைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடலாம், கையால் எறியலாம். ஒரு பக்கத்துக்கு 11 பேர். மைதானத்தின் நீளம் 100 கெஜம். பந்து வைத்திருக்கும் கோஷ்டி, நான்கு முயற்சிகளில் 10 கெஜம் முன்னேற வேண்டும். முன்னேறினால் மேலும் நான்கு முயற்சி கிடைக்கும். இல்லையேல் பந்து எதிரிக்குப் போய்விடும்.

தாக்கும் கோஷ்டியின் தலைவர் பந்தைத் தூர எறிவார். அவருடைய ஆள் ஓடிப் போய்ப் பிடிப்பார். அப்படிப் பிடிக்க விடாமல் ஓரத்தில் நின்று தடுப்பவர் ஒருவர் உண்டு. அவர் தடுப்பதோடு நில்லாமல், எதிரிக்கு எறிந்த பந்தை நடுவழியில் தாமே பறித்துக்கொண்டால், அந்தக் கணமே ஆட்டம் தலைகீழாக மாறிவிடும். இந்தப் பறிப்புதான் காவல் ஆட்டக்காரரின் பெரிய வித்தை.

தோல்வியே வழி காட்டியது

லேன் சேர்ந்தது தடுப்பதற்கு அல்ல, பந்தைப் பிடிப்பதற்கு. ஆனால் அந்த இடத்தில் டாம் பியர்ஸ், எல்ராய் ஹிர்ஷ் என்ற இரண்டு பெரிய ஆட்டக்காரர்கள் இருந்தார்கள். மேலும், ராம்ஸ் கோஷ்டியின் ஆட்டத் திட்டங்கள் சங்கேத வார்த்தைகளில் இருந்தன. லேனுக்கு அவை தலையில் ஏறவில்லை.

பாடம் கேட்பதற்காக அடிக்கடி பியர்சின் அறைக்குப் போவார். அங்கே ஓர் இசைத்தட்டு ஓயாமல் சுழன்றுகொண்டிருக்கும். அப்போது பிரபலமாக இருந்த அந்த இசையின் பெயர் "நைட் டிரெயின்". இதைக் கவனித்த சக ஆட்டக்காரர் ஒருவர், லேனுக்கு அதையே பட்டப் பெயராகச் சூட்டிவிட்டார்.

லேனுக்கு முதலில் அது பிடிக்கவில்லை. தம் தோலின் நிறத்தைக் கேலி செய்கிறார்களோ என்ற சந்தேகம். பிறகு, வாஷிங்டன் கோஷ்டியோடு ஒரு பந்தயம் நடந்தது. அந்தக் கோஷ்டியின் நட்சத்திரமான சார்லி ஜஸ்டிஸ் என்பவருக்கும் ரெயில் சம்பந்தமான பட்டப் பெயர்தான்: "சூ-சூ". அவரை லேன் மடக்கி மடக்கி வீழ்த்தினார். ஒரு ரெயிலை இன்னொரு ரெயில் தடம் புரளச் செய்துவிட்டது என்று பத்திரிகை தலைப்புப் போட்டது. 1962-ம் ஆண்டுவரை கறுப்பர் எவரையும் சேர்த்துக்கொள்ளாத கோஷ்டி அந்த வாஷிங்டன்! அதன்பிறகு பட்டப் பெயரை லேன் மகிழ்ச்சியோடு ஏற்றுக்கொண்டார்.

பந்து பிடிக்கும் பாடம் வராவிட்டாலும், பயிற்சி ஆட்டங்களில் அவர் எதிர்ப்பட்டவர்களை எல்லாம் துரத்தித் துரத்திப் பிடிப்பதை ஸ்டைடாஹர் பார்த்தார். அவரைக் காவல் பக்கத்துக்கு மாற்றினார்.

12 பந்தயம், 14 பந்து!

அந்த ஆண்டு ராம்ஸ் கோஷ்டி லீக்கில் 12 பந்தயங்கள் ஆடியது. முதல் வருடமாகக் களம் இறங்கிய லேன், அவற்றில் 14 பந்துகளைப் பறித்தார். நாடே வாயைப் பிளந்தது.

1961-ல் லீக் பந்தயங்கள் 14 ஆக உயர்ந்தன. 1978-ல் 16 ஆயின. 2021-ல் 17 ஆயின. பந்து எறிவதும் முன்னைவிடப் பன்மடங்கு பெருகிவிட்டது. இருந்தும் 14-ஐ யாரும் எட்டவில்லை. 1980-ல் ஓக்லண்டு கோஷ்டியின் லெஸ்டர் ஹேஸ் 13 வரை வந்தார். அவ்வளவுதான்.

அவர் பந்து பறித்த விதம் ஒரு வேடனின் விதம். தாம் காக்க வேண்டிய ஆளை விட்டுச் சற்று விலகி நிற்பார். அந்த ஆள் தனியாக இருக்கிறான் என்று எண்ணி எதிரி பந்தை எறிவார். பந்து கையை விட்டுக் கிளம்பிய பிறகே லேன் பாய்வார். பந்து போய்ச் சேரும்போது அங்கே லேனின் கை இருக்கும். கணக்குத் தப்பினால் எதிரிக்கு முழு வெற்றி. அந்த ஆபத்தைத் தெரிந்தே ஏற்றார்.

கழுத்துப் பிடி

அவரைக் கண்டு எதிரிகள் நடுங்கியதற்கு வேறொரு காரணமும் உண்டு. காலைப் பிடித்து வீழ்த்தினால், விழும்போதே எதிரி இரண்டு கெஜம் முன்னேறிவிடுவான் என்பது லேனின் வாதம். ஆகவே அவர் கழுத்தில் கை போட்டு வீழ்த்தினார். இதற்கு "இரவு ரெயில் கழுத்துப் பட்டை" என்றே பெயர் வந்தது. தலைக் கவசத்தின் முகக் கம்பியைப் பற்றி இழுப்பதும் உண்டு.

1962-ல் முகக் கம்பியைப் பிடிப்பது அடியோடு தடை செய்யப்பட்டது. கழுத்தைப் பிடித்து வீழ்த்துவதும் பிற்காலத்தில் சட்டவிரோதம் ஆயிற்று. இந்த மாற்றங்களுக்கு லேனின் முரட்டு ஆட்டமும் ஒரு காரணம் என்பார்கள். தலையிலும் கழுத்திலும் விழும் அடி எவ்வளவு கொடியது என்பதை இன்று வைத்தியர்கள் தெளிவாகச் சொல்கிறார்கள். அந்தத் தடை நல்ல தடைதான். லேனின் புகழில் இது ஒரு கரும்புள்ளி என்பதை மறைக்க முடியாது.

கிடைக்காத பட்டம்

1954-ல் அவர் சிகாகோ கார்டினல்ஸ் கோஷ்டிக்கு மாற்றப்பட்டார். அந்த ஆண்டே 10 பந்துகளைப் பறித்து மீண்டும் முதலிடம் பெற்றார். 1960-ல் டிட்ராய்ட் லயன்ஸ் கோஷ்டிக்குப் போனார். தேர்ந்தெடுக்கப்பட்ட வீரர்கள் மட்டும் ஆடும் விசேஷப் பந்தயத்துக்கு 7 தடவை அழைக்கப்பட்டார். 1962-ல் அந்தப் பந்தயத்தை குடல்வால் வலியோடு ஆடி முடித்தார். பிறகுதான் ஆபரேஷன் செய்துகொண்டார்.

14 ஆண்டுகளில் 157 பந்தயம். பறித்த பந்து 68. ஆனால் மூன்று கோஷ்டிகளில் ஆடியும், சாம்பியன் பட்டம் ஒருமுறை கூட அவருக்குக் கிட்டவில்லை. ராம்ஸ் கோஷ்டி பட்டம் பெற்றது, அவர் சேருவதற்கு முந்தைய ஆண்டில்!

பாட்டரசியின் முடிவு

1963 ஜூலை 2-ந் தேதி அவர் பிரபல பாடகி டைனா வாஷிங்டனைத் திருமணம் செய்துகொண்டார். "புளூஸ்" இசையின் ராணி என்று போற்றப்பட்டவர் டைனா. ஒரு பக்கம் மைதானத்து வீரர், இன்னொரு பக்கம் மேடையின் ராணி. டிட்ராய்ட் நகரமே அந்த ஜோடியைப் பற்றிப் பேசியது.

ஆறு மாதம் கூட நிறையவில்லை. டிசம்பர் 14-ந் தேதி அதிகாலை, மனைவி அசைவற்றுக் கிடப்பதை லேன் கண்டார். மாத்திரைகள் அளவுக்கு மிஞ்சிப் போனதால் உயிர் பிரிந்துவிட்டது. டைனாவுக்கு அப்போது வயது 39தான்.

அதன்பின் இரண்டு ஆண்டுகள் ஆடினார். 1965-ம் ஆண்டோடு மைதானத்தை விட்டு விலகினார்.

தெருப் பையன்களுக்கு

1969-ல் லீக்கின் 50-ம் ஆண்டு நிறைவின்போது, அதுவரை ஓரக் காவலில் ஆடியவர்களில் தலைசிறந்தவர் லேன் என்று தேர்ந்தெடுத்தார்கள். 1974-ல் கால்பந்துப் புகழ் மண்டபத்தில் அவருக்கு இடம் கொடுத்தார்கள்.

ஆனால் அவர் புகழோடு வீட்டில் உட்காரவில்லை. டிட்ராய்ட் நகரப் போலீசாரின் விளையாட்டுக் கழகத்துக்கு 1975-ல் தலைமை அதிகாரி ஆனார். ஏழைப் பிள்ளைகள் தெருவில் அலைந்து கெட்டுப் போகாமல், அவர்களை மைதானத்துக்கு இழுத்து வருவதே அந்தக் கழகத்தின் வேலை. அடுத்த 17 ஆண்டு அதுவே அவருடைய வேலை ஆயிற்று. கேட்பாரற்ற பிள்ளையின் கதி என்ன என்பது அவருக்கு யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லையே!

1992-ல் ஓய்வு பெற்ற பின் டெக்சாசுக்கே திரும்பினார். அடிபட்ட முழங்கால்களும் சர்க்கரை வியாதியும் அவரை வாட்டின. 2002 ஜனவரி 29-ந் தேதி, ஆஸ்டின் நகரில் மாரடைப்பால் காலமானார். வயது 73. எந்த ஊரில் குப்பைத் தொட்டியில் கிடந்தாரோ, அதே ஊரில் உயிர் பிரிந்தது.

லீக்கின் சாதனைப் பட்டியலில், ஒரே ஆண்டில் அதிகப் பந்து பறித்தவர் என்ற வரியில், 1952, 14 என்ற எண்களுக்குப் பக்கத்தில் லேன் என்று அச்சாகி இருக்கிறது. அது அவரைப் பெற்றவர்கள் வைத்த பெயர் அல்ல. பூனை கத்துகிறது என்று எண்ணி எட்டிப் பார்த்த, துணி வெளுத்துப் பிழைத்த அந்த அம்மாளின் பெயர்.